மிளகு வாணிகத்தில் வழங்கும் சில அருஞ்சொற்கள்

ஆங்கிலச் செய்தித்தாள்களின் வாணிகப் பக்கத்தில் கொச்சிச் சந்தையின் மிளகு விலை இரு வரிகளாக வெளியாவதைப் பலரும் கண்டிருக்கலாம். ஒரு வரி ‘கார்பிள்டு’ மிளகின் விலை; மற்றொன்று ‘அன்கார்பிள்டு’ மிளகின் விலை. இவற்றுள் முன்னதன் விலையே உயர்ந்து நிற்கும். ஆங்கிலம் ஓரளவு கற்றவருக்கு இது வியப்பைத் தரும். ஏனெனில், ‘கார்பிள்டு’ என்னும் சொல்லுக்கு இக்காலத்துச் சிறிய அகராதிகள் தரும் பொருள் ‘குழம்பியது, உருத்திரிந்தது’ என்பதேயாம். தந்தி வழங்கிய காலத்தில், எழுத்துகள் மாறிப் பொருள் விளங்காமல் வந்து சேர்ந்த செய்தியை அச்சொல்லால் குறித்தனர். அங்ஙனமாயின், குழம்பிய மிளகுக்கு விலை மிகுதியும் குழம்பாத மிளகுக்கு விலை குறைவும் இருப்பது எவ்வாறு பொருந்தும்?

இது அகராதி பார்ப்போர்க்கு மட்டும் உரிய ஐயமன்று. நாலைந்து முருங்கை மரங்களில் மிளகுக்கொடி படரவிட்டிருக்கும் சிறு குடியானவர் ஒருவரிடம் வியாபாரி, ‘உம்முடைய சரக்கு அன்கார்பிள்டு’ என்று கூறுகிறார் எனக் கொள்வோம். பொருளறியாத குடியானவர் அதனை நற்சான்றாகவே கருதக்கூடும். அவருக்கு விளக்கம் கூறச் சென்ற ஊழியரும் அகராதியின் முதற்பொருளையே நம்பிப் ‘பழுதுபடாத மிளகு’ என்று மொழிபெயர்த்துவிட்டால், ஒரு கிலோவுக்கு அவர் இழக்கும் தொகைக்கு அம்மொழிபெயர்ப்பே காரணமாகிவிடும். ஆதலின் இச்சொல்லைச் சற்று விரிவாகவே ஆராய்தல் தகும்.

‘கார்பிள்’ என்னும் வினைச்சொல்லின் பழம்பொருள் ‘சலித்தெடுத்தல்’ என்பதாகும். அரபு மொழியில் ‘கர்பலா’ என்றால் சல்லடையால் சலித்தல். ‘கிர்பால்’ என்றால் சல்லடை. அதுவும் இலத்தீன் மொழியில் சல்லடையைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்திருக்கலாம் என்று மொழிநூலார் கருதுவர். மிளகு, இஞ்சி முதலிய கீழைநாட்டுச் சரக்குகள் அரபு வணிகர் வழியாக மத்தியதரைக் கடல் துறைமுகங்களை அடைந்தன. அங்கிருந்த இத்தாலிய வணிகர் சரக்கோடு சொல்லையும் வாங்கிக்கொண்டனர். அவர்கள் வாயில் அது ‘கார்பெல்லாரே’ ஆயிற்று. பின்னர் ஆங்கிலத்தில் ‘கார்பிள்’ ஆயிற்று. மிளகு சென்ற வழியே சொல்லும் சென்றது எனலாம்.

இலண்டன் மாநகரில் ‘கார்ப்ளர்’ என்றொரு பதவியே இருந்தது. நறுமணச் சரக்கு விற்கும் கடைகளிலும் கிடங்குகளிலும் புகுந்து, சரக்கைச் சோதித்து, தூசும் கல்லும் கலப்படமும் நீக்கிச் சலிப்பது அவருடைய கடமை. முதலில் இவ்வதிகாரம் மளிகை வணிகர் சங்கத்தாரிடம் இருந்தது. 17-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், நறுமணப் பொருள்களை முறையாகச் சலித்தல் பற்றி இங்கிலாந்தில் தனிச் சட்டமும் இயற்றப்பட்டது. உணவுக் கலப்படத் தடைச் சட்டங்களின் முன்னோர்களுள் இதுவும் ஒன்று. மளிகைக்காரரைக் குறிக்கும் ‘குரோசர்’ என்னும் சொல்லையும் இங்கே நினைவிற்கொள்ளலாம். மொத்தமாக, அதாவது ‘கிராஸ்’ ஆக வாங்கி விற்பவர் என்பதே அதன் முதற்பொருள். இன்று அரைக் கிலோ பருப்பு நிறுத்துத் தருபவரையும் அப்பெயரால் அழைக்கின்றனர்.

சலித்தல் என்னும் நல்ல பொருள் குழப்புதல் என்று கெட்டது எங்ஙனம்? சலிப்பவர் வேண்டியதைக் கொண்டு வேண்டாததைத் தள்ளுகிறார். ஒருவர் கூறிய மொழிகளுள் தமக்கு வேண்டியவற்றை மட்டும் பொறுக்கியெடுத்து, ஏனையவற்றைத் தள்ளிப் பிறரிடம் சொல்பவரும் ஒருவகையில் சலிப்பவரே. அவ்வாறு சலித்த பேச்சு மூலப்பேச்சினின்று திரிந்துபோகும். எனவே ‘பொறுக்கித் திரித்தல்’ என்ற பொருளும், பின்னர் வெறும் ‘திரித்தல்’, ‘குழப்புதல்’ என்ற பொருள்களும் படிப்படியாக ஏற்பட்டன. பொதுமக்கள் வழக்கில் பழம்பொருள் மறைந்தது. மிளகு வாணிகத்தில் மட்டும் அது மறையாமல் நிலைத்தது. தொழில் வழக்குகள் இங்ஙனம் பழஞ்சொற்களைக் காத்து வைப்பது எல்லா மொழிகளிலும் உண்டு.

மட்டாஞ்சேரியில் யூதர் தெருவை அடுத்துள்ள கிடங்குகளில் இவ்வேலை நெடுங்காலமாக நடைபெற்று வந்துள்ளது. மலைப்பகுதிகளிலிருந்து வரும் மிளகில் காம்பு, திரியின் துண்டு, இலைச் சருகு, மண், சிறு கல் ஆகியவை கலந்திருக்கும். முறத்தில் இட்டுப் புடைத்தால் சருகும் பதரும் பறக்கும். சல்லடையில் இட்டுச் சலித்தால் மண்ணும் நொறுங்கலும் கீழே விழும். எஞ்சியவற்றைக் கையால் பொறுக்குவர். முறம் என்னும் சொல் மலையாளத்திலும் முறமே. பிற்காலத்தில் இயந்திரங்கள் வந்தன. ஆயினும் செய்கை அதுவேயாம். இங்ஙனம் புடைத்துச் சலித்த மிளகே கார்பிள்டு மிளகு. களத்தில் உலர்த்தியபடியே மூட்டையில் கட்டிக் கொணர்ந்தது அன்கார்பிள்டு. தமிழில் முன்னதைச் ‘சலித்த மிளகு’ என்றும் பின்னதைச் ‘சலிக்காத மிளகு’ என்றும் கூறினால் போதும். ‘சுத்திகரிக்கப்பட்ட’ என்று கூறின், எண்ணெயையோ சர்க்கரையையோ போல இரசாயன முறையில் ஏதோ செய்யப்பட்டதென்ற எண்ணம் பிறக்கும்.

1957-ஆம் ஆண்டில் மட்டாஞ்சேரியில் மிளகு வாயிதா வாணிகத்திற்கென ஒரு சங்கம் அமைந்தது. அதன் கூடத்தில் தரகர்கள் உரக்கக் கூவி விலை பேசினர். கண்ணால் காணாத சரக்கைப் பிற்காலத் தேதிக்கு வாங்கி விற்பதானால், தரத்தைக் குறிக்கும் சொல் இருதரப்பினர்க்கும் ஒரே பொருள் தருதல் வேண்டும். ‘எம்.ஜி. 1’ என்ற குறி அதற்கு உதவியது. அதன் விரிவு ‘மலபார் கார்பிள்டு, முதல் தரம்’ என்பது. 1937-ஆம் ஆண்டின் விவசாய விளைபொருள்கள் தரமிடுதல், குறியிடுதல் சட்டத்தின்கீழ் ஏற்பட்ட அக்மார்க் விதிகள் இத்தரத்திற்கு மூன்று வரம்புகளை முக்கியமாகக் கூறுகின்றன: புறப்பொருள் நூற்றுக்கு 0.5, இலேசான மணிகள் நூற்றுக்கு 2, ஈரம் நூற்றுக்கு 11. இம்மூன்று சொற்களும் எளியனபோலத் தோன்றினும் ஒவ்வொன்றிலும் ஓர் இடறுகல் உண்டு.

புறப்பொருள் என்றவுடன் கல், மண், வேறு பயிரின் விதை ஆகியவையே பலர் நினைவுக்கு வரும். மிளகுக்கொடியின் காம்பும் இலையும் திரியும் ‘நம் கொடியின் பகுதிதாமே’ என்று குடியானவர் வாதிப்பதுண்டு. தரநிர்ணயத்தில் மிளகு மணி அல்லாத யாவும் புறப்பொருளே. அது அதே கொடியில் தோன்றியதாயினும் விலக்கில்லை. மாறாக, முற்றாத மணியும் உடைந்த மணியும் மணிகளேயாதலின் புறப்பொருளாகா. அவற்றிற்குத் தனிக் கணக்கு உண்டு.

‘லைட் பெர்ரி’ என்பதில் ‘லைட்’ என்பது நிறத்தைக் குறிப்பதன்று. வெளிறிய மணி என்று சிலர் எழுதுவது பிழை. எடையில் இலேசானது, உள்ளீடு அற்றது என்பதே பொருள். நெல்லில் பதர் எப்படியோ மிளகில் இது அப்படி. உள்ளே பருப்பு நிரம்புமுன் உதிர்ந்த அல்லது பறித்த மணி உலர்ந்தால் தோல் மட்டும் எஞ்சி, விரலால் நசுக்கியவுடன் நொறுங்கும். சோதனைச்சாலையில் இதனைக் கண்ணால் மதிப்பிடுவதில்லை; ஒப்படர்த்தி 0.80 முதல் 0.82 வரையுள்ள சாராய நீர்க்கலவையில் மிளகை இடுவர். நிரம்பிய மணி ஆழும், பதர் மிதக்கும். மிதந்ததை எடுத்து உலர்த்தி நிறுப்பர். தண்ணீரில் இட்டு அதே முடிவை எதிர்பார்த்தல் தவறு. தண்ணீரின் அடர்த்தி கூடுதலாதலின் ஓரளவு நல்ல மணியும் அதில் மிதக்கக்கூடும்.

இதனோடு தொடர்புடைய மற்றொரு வழக்கு ‘ஜி.எல்.’ என்பது, ஒரு லிட்டர் கொள்ளும் பாத்திரத்தில் நிரப்பிய மிளகின் எடை எத்தனை கிராம் என்பதை அது குறிக்கும். ‘550 ஜி.எல்.’ என்றால் லிட்டருக்கு 550 கிராம். பதர் மிகுந்தால் இவ்வெண் குறையும். தராசும் ஒரு லிட்டர்ப் படியும் இருந்தால் பள்ளியிலேயே இதனை அளந்து காட்டலாம்; படியைக் குலுக்காமலும் அழுத்தாமலும் நிரப்புதல் இன்றியமையாதது.

பதர் மணி எங்கும் இழிந்தது என்று எண்ணுதல் கூடாது. மிளகிலிருந்து ‘ஓலியோரெசின்’ எடுக்கும் தொழிற்சாலைகள் அதனையே விரும்பி வாங்குகின்றன. ஓலியோ என்பது எண்ணெய். ரெசின் என்பது பிசின். கரைப்பானில் ஊறவைத்து, கரைந்ததைப் பிரித்து, கரைப்பானை ஆவியாக்கினால் எஞ்சும் கெட்டியான சாறே இது. மிளகின் மணத்திற்குக் காரணமான ஆவியாகும் எண்ணெயும், காரத்திற்குக் காரணமான பைப்பரினும் இதில் அடங்கும். பைப்பரினை 1819-இல் பிரித்தறிந்தவர் டென்மார்க் நாட்டு விஞ்ஞானி எர்ஸ்டெட். மின்னோட்டம் காந்த ஊசியைத் திருப்புவதைக் கண்டறிந்தவரும் அவரே. முற்றாத மணியில் மாவுப்பொருள் குறைவு. ஆதலின் எடைக்கு எடை எண்ணெயும் பைப்பரினும் அதில் மிகுதியாகக் கிடைக்கின்றன. தரச்சீட்டில் குறையாக எழுதப்படும் பொருள் சில கல் தொலைவிலுள்ள ஆலையில் கச்சாப் பொருளாகிறது. ‘குறை’ என்ற சொல்லுக்கும் யார் வாங்குகிறார் என்பதைப் பொறுத்தே பொருள் அமைகின்றது.

மூன்றாவது ஈரம். நூற்றுக்கு 11 என்றால் எதில் 11? இவ்வினாவை மாணவரிடம் கேட்டால் வகுப்பில் இருவகை விடை வரும். மொத்த எடையில் 11 என்பது ஒன்று. உலர்பொருளின் எடையில் 11 என்பது மற்றொன்று. தரவிதிகள் கூறுவது முன்னதையே. 100 கிலோ மிளகில் 11 கிலோ நீரும் 89 கிலோ உலர்பொருளும் இருத்தல் வேண்டும். இதனை உலர்பொருளின்மேல் கணக்கிட்டால் நூற்றுக்கு 12.4 ஆகும். பொருள் ஒன்றே, எண் இரண்டு.

இதிலிருந்து வரும் கணக்கு ஒன்று குடியானவரின் கைப்பணத்தைத் தொடுவது. ஈரம் நூற்றுக்கு 14 உள்ள மிளகு 100 கிலோ இருக்கிறது. அதனை 11-க்கு உலர்த்தினால் எத்தனை கிலோ குறையும்? பதினான்கில் பதினொன்று போக மூன்று என்று உடனே விடை கூறுவர். அது சரியன்று. தொடக்கத்தில் உலர்பொருள் 86 கிலோ. வெயிலில் காய்வது நீரே. 86 கிலோ மாறாது. முடிவில் அந்த 86 கிலோ மொத்தத்தில் நூற்றுக்கு 89 பங்காக இருத்தல் வேண்டும். 86-ஐ 89-ஆல் வகுத்து 100-ஆல் பெருக்கினால் 96.63 வரும். எனவே குறைவு 3.37 கிலோ. ஒரு மூட்டைக்கு இவ்வேறுபாடு சிறிதாகத் தோன்றலாம். கூட்டுறவுச் சங்கத்தில் பல டன் கொள்முதல் செய்யுமிடத்துக் கணக்குப்பிள்ளையின்மேல் வீண் ஐயம் எழ இதுவே போதும்.

ஈரம் மிகுந்த மிளகைக் கட்டி வைத்தால் பூஞ்சணம் பிடிக்கும் என்பது எல்லோரும் அறிந்ததே. அவ்வாறு பிடிக்காமலிருக்கவும் கருமையும் பளபளப்பும் தோன்றவும் சிலர் எண்ணெய் பூசுவதுண்டு. இங்கே ‘மினரல் ஆயில்’ என்னும் சொல் வருகிறது. பள்ளிப் புத்தகங்களில் மினரல் என்பதைத் தாதுச்சத்து என்று கற்றவர்கள், மினரல் ஆயில் என்றால் தாதுச்சத்து நிறைந்த எண்ணெய் போலும் என்று கருத இடமுண்டு. அது பூமிக்கடியில் கிடைக்கும் கச்சா எண்ணெயிலிருந்து வடித்தெடுப்பது. தாவர எண்ணெய்க்கு எதிர்நிலையில் வழங்கும் பெயர். மிளகின்மேல் பூசத் தகாதது. 2012 டிசம்பரில், கொச்சிப் பகுதிக் கிடங்குகளில் வாயிதாச் சந்தைக்காக வைத்திருந்த மிளகில் இவ்வெண்ணெய் இருப்பது தெரியவந்து, கேரள உணவுப் பாதுகாப்பு அதிகாரிகள் பல ஆயிரம் டன் சரக்குக்கு முத்திரையிட்டனர். தமிழில் இதனைக் ‘கனிம எண்ணெய்’ என்பதைவிடப் ‘பெட்ரோலிய எண்ணெய்’ என்று கூறுவதே மயக்கத்திற்கு இடந்தராது.

அளவைக் குறிக்கும் சொற்களுள் ‘போல்டு’ என்பதற்கு இங்கே துணிவு என்ற பொருள் இல்லை. பருமன் என்பதே பொருள். ‘டி.ஜி.இ.பி.’ என்பது ‘தெல்லிச்சேரி கார்பிள்டு எக்ஸ்ட்ரா போல்டு’, 4.25 மில்லிமீட்டர் கண்ணுள்ள சல்லடையில் நிற்கும் பருமணி. தெல்லிச்சேரி என்பது தலசேரியின் ஆங்கில வடிவம். ஆயினும் இம்மிளகு தலசேரியில் விளைந்ததாகத்தான் இருத்தல் வேண்டுமென்பதில்லை. ஊர்ப்பெயர் தரப்பெயராகிவிட்டது. ‘ஆலப்பி’ விரலி மஞ்சளும் ஆலப்புழை மணற்பரப்பில் விளைவதன்று. தொடுபுழை, மூவாற்றுப்புழைப் பகுதிகளில் விளைந்து ஆலப்புழைத் துறைமுகத்தின் வழியாகச் சென்றமையால் அப்பெயர் பெற்றது. பூகோள ஆசிரியர்கள் விளைபொருள் படத்தில் ஊர்களைக் குறிக்கும்போது இதனைக் கவனித்தல் நலம்.

பெர்ரி என்னும் சொல்லும் தாவரவியலாருக்கு உடன்பாடன்று. பல விதைகளைக் கொண்ட தக்காளி போன்ற சதைக்கனியே அவர்கள் கூறும் பெர்ரி. மிளகு ஒரே விதையுள்ள உள்ளோட்டுத் தசைக்கனி. மாவும் தேங்காயும் சேர்ந்த இனம். ‘பெப்பர்கார்ன்’ என்பதில் உள்ள ‘கார்ன்’ மக்காச்சோளமன்று, பொதுவாகத் தானியமணி என்பதே. ‘பெப்பர்கார்ன் வாடகை’ என்று ஆங்கிலச் சட்டத்தில் பெயரளவான வாடகையைச் சொல்வர். மிளகு விலைமதிப்பு மிகுந்திருந்த காலத்தை எண்ணினால் இது வேடிக்கையாகவே இருக்கிறது. ஆனால் ஒரேயொரு மணி எக்காலத்தும் மலிவுதான்.

நிறுவை பற்றிய சொற்கள் மூன்றைச் சுருங்கக் கூறலாம். சாக்கின் எடையைக் கழிப்பது ‘டேர்’. அரபில் ‘எறியப்படுவது’ என்னும் பொருளுள்ள சொல்லின் திரிபு. அதன் பின்னும் சிந்துதல் சிதறுதலுக்காக 104 ராத்தலுக்கு 4 ராத்தல் விட்டுக்கொடுத்த பழைய வழக்கம் ‘டிரெட்’. பழைய ஆங்கிலக் கணக்குப் புத்தகங்களில் ‘டேர் அண்டு டிரெட்’ என்று ஓர் அதிகாரமே உண்டு. ‘கேண்டி’ என்று கம்பெனிக் காலக் குறிப்புகளில் காணப்படுவது இனிப்புப் பண்டமன்று, நம் கண்டியே. சென்னையில் ஒரு கண்டி 20 மணங்கு, அதாவது 500 ராத்தல். மலையாளக் கரையில் அதே பெயருடைய அளவை இதனினும் பெரிது. 1956-ஆம் ஆண்டின் நிறுவை அளவைச் சட்டம் மெட்ரிக் முறையைக் கொணர்ந்தபின் இக்குழப்பம் தீர்ந்தது. இன்று விலை குவிண்டாலுக்குக் கூறப்படுகிறது. குவிண்டால் என்பதும் அரபு வழியாக வந்த இலத்தீன் சொல்லே. நூறு என்பது அதன் உட்பொருள்.

தமிழ்நாட்டினின்று கொச்சிக்கு மாற்றலாகிச் செல்லும் ஊழியர்கள் ஆங்கிலத்தினும் மலையாளத்தில் இடறுவது மிகுதி. அங்கே வெறுமனே ‘முளகு’ என்றால் மிளகாயையே கொள்வர். மிளகு வேண்டுமாயின் ‘குருமுளகு’ அல்லது ‘நல்லமுளகு’ எனல் வேண்டும். போர்ச்சுகீசியர் காலத்தில் அமெரிக்கக் கண்டத்திலிருந்து மிளகாய் வந்து சேர்ந்தது. தமிழர் அதற்கு மிளகுடன் காயைச் சேர்த்துப் புதுப்பெயர் இட்டனர். மலையாளத்தில் வந்த பொருள் பழம்பெயரையே கைப்பற்றிக்கொண்டது. உள்ளூர்ப் பொருளுக்கு அடைமொழி வேண்டியதாயிற்று. ஆங்கிலத்திலும் இதே நிலைதான்: ‘பெப்பர்’ என்பது வடமொழியில் திப்பிலியைக் குறித்த ‘பிப்பலி’ என்னும் சொல்லின் வழிவந்தது, மிளகுக்கு ஆயிற்று, பின்னர் மிளகாய்க்கும் குடைமிளகாய்க்கும் நீண்டது. சங்க நூல்களில் மிளகைக் குறிக்கும் ‘கறி’ என்னும் சொல்லும் இன்று வேறு பொருளில் வழங்குவதை ஆசிரியர்கள் ஒப்பிட்டுக் காட்டலாம்.

இறுதியாக, பப்பாளி விதை பற்றிய ஒரு குறிப்பு. உலர்ந்த பப்பாளி விதையை மிளகில் கலப்பதுண்டு. சாராயத்தில் இட்டால் அது மிதக்கும் என்று சோதனைக் குறிப்புகள் கூறுகின்றன. அது உண்மையே. ஆனால் மேலே கூறியவாறு மிளகின் பதரும் அதே திரவத்தில் மிதக்கும். ஆதலின் மிதந்ததைக் கண்டவுடன் கலப்படம் என்று எழுதிவிடுதல் தகாது. பதர் என்பது தரக்குறைவு, கலப்படம் என்பது குற்றம். மிதந்தவற்றை உருப்பெருக்கிக் கண்ணாடியால் நோக்குதல் வேண்டும். மிளகுப் பதர் உருண்டு, தோல் சுருங்கி, நசுக்கினால் மிளகின் காரமணம் வீசும். பப்பாளி விதை நீள்வட்டமாகப் பசுமை கலந்த பழுப்பு நிறத்துடன் இருக்கும். மிளகின் மணம் அதற்கு இல்லை. இரண்டையும் தனித்தனியே எண்ணி நிறுத்து, தனித்தனிப் பெயரால் குறிப்பேட்டில் எழுதுக.